ருக்மணி தேவி: சிங்களப் பேசும்படத்தின் முதற் கதாநாயகி

பேசாப் படக் காலத்தில் நடிகருக்கு மொழி ஒரு வேலியாக இருக்கவில்லை. டென்மார்க்கின் கொப்பன்கேகன் நகரிற் பிறந்த அஸ்தா நீல்சன் (1881–1972), 1910 இல் 'படுகுழி' எனப் பொருள்படும் பெயருடைய படத்தில் நடித்துப் புகழ்பெற்றார். அடுத்த ஆண்டே யேர்மனிக்குச் சென்று, அந்நாட்டுத் திரையின் தலைசிறந்த நடிகையருள் ஒருவராக விளங்கினார். கண்ணும் கையும் பேசிய அக்காலத்தில் அவருடைய தாய்மொழி யாதென வினவுவார் இலர். படம் பேசத் தொடங்கியபின் நிலைமை மாறிற்று. அவர் நடித்த பேசும்படம் ஒன்றேயாம். அது 1932 இல் வெளிவந்தது.

பேசும்படம் நடிகரின் நாவைச் சோதிப்பது. ஓர் இனத்திற் பிறந்தவர் பிறிதோர் இனத்தின் மொழியிலே பேசியும் பாடியும், அம்மக்களால் தம்முள் ஒருவராகக் கொள்ளப்படுதல் எளிதன்று. அவ்வரிய செயலை இலங்கையில் நிகழ்த்தியவர் நடிகை ருக்மணி தேவி. சென்னையிற் கலாசேத்திரத்தை நிறுவிய ருக்மிணி தேவி அருண்டேல் வேறு, இவர் வேறு.

இவர் 1923 ஜனவரி 15 ஆந் தேதி, நுவரெலியா மாவட்டத்து இறம்பொடையில், கொழும்புச் செட்டிச் சமூகத்தைச் சார்ந்த கிறித்தவக் குடும்பமொன்றிற் பிறந்தார். பெற்றோர் இட்ட பெயர் டெய்சி இராசம்மா டானியல்ஸ் என்பது. கொழும்பில் வளர்ந்த இவர், இளமையிலேயே சிங்கள மேடையில் இராமாயண நாடகத்துச் சீதையாகத் தோன்றினார். ருக்மணி தேவி என்னும் பெயரும் மேடை வாழ்க்கை தந்ததேயாம். 1930களின் இறுதியில், எச். டபிள்யு. ரூபசிங்க என்னும் இசைவல்லாருடன் சேர்ந்து, புத்தகயா விகாரையைப் போற்றும் பாடலொன்றை இசைத்தட்டிற் பாடினார். கிறித்தவக் குடும்பத்துப் பெண்ணின் குரலிலே பௌத்தர்கள் தம் பக்தியைக் கேட்டனர்.

அந்நாளில் நீர்கொழும்பைச் சார்ந்த பி. ஏ. டபிள்யு. ஜயமான்னவின் மினேர்வா நாடகக் குழு பெரும் புகழ் பெற்றிருந்தது. ருக்மணி தேவி அக்குழுவின் நாயகியானார். ஜயமான்னவின் தம்பியாரும் நகைச்சுவை நடிகருமாகிய எடி ஜயமான்னவை மணந்தார். அக்குழுவினர் மேடையில் நடித்துவந்த 'கடவுணு பொரொந்துவ' என்னும் நாடகமே முதலாவது சிங்களப் பேசும்படமாயிற்று. 'உடைந்த வாக்குறுதி' என்பது அப்பெயரின் பொருள்.

அப்படம் உருவான வகை அறியத்தக்கது. பேசும்படம் எடுத்தற்குரிய நிலையம் அன்று இலங்கையில் இல்லை. ஆதலால் எஸ். எம். நாயகம் என்னும் தமிழர் தயாரிப்பாளராக முன்வந்து, மதுரையிலிருந்த சித்திரகலா மூவிடோன் நிலையத்திலே அதனை எடுப்பித்தார். நெறிப்படுத்தியவர் ஜோதிஷ் சிங் என்னும் வங்காளி. சிங்கள நாடகம், தமிழ்நாட்டு நிலையம், வங்காள நெறியாளர், கொழும்புச் செட்டிப் பெண்: இந்நான்கும் கூடியவிடத்தே சிங்களத் திரை பேசத் தொடங்கிற்று. 1947 ஜனவரி 21 ஆந் தேதி அப்படம் கொழும்பில் திரையிடப்பட்டது.

அதன்பின் மூன்று பத்தாண்டுகள் ருக்மணி தேவி மேடையிலும் திரையிலும் இசைத்தட்டிலும் ஒருங்கே விளங்கினார். முகம் ஒருவருடையதாகவும் குரல் பிறரொருவருடையதாகவும் அமைதல் திரையில் வழக்கமாயினும், இவர் தாமே நடித்துத் தாமே பாடினார். ஆகவே மக்கள் மனத்தில் அவருடைய உருவமும் குரலும் பிரியாது நின்றன. 1956 இல் 'சிங்களம் மட்டும்' சட்டம் நிறைவேறி, மொழி இந்நாட்டு மக்களைப் பிரிக்கும் கோடாயிற்று. அவ்வாண்டின் பின்னரும் சிங்கள மக்கள் இராசம்மாவாகப் பிறந்தவரின் குரலைத் தம்முடையதெனவே போற்றினர்.

1978 ஒக்டோபர் 28 ஆந் தேதி, மாத்தறையில் நிகழ்ச்சியொன்றை முடித்துத் திரும்புகையில், ஜா-எலவை அடுத்த துடெல்லவில் நேர்ந்த வீதி விபத்தில் அவர் உயிர்நீத்தார். அப்போது அவருக்கு வயது 55. அவரது உடல் நீர்கொழும்பில் அடக்கம் செய்யப்பட்டது.

அவர் மறைந்து ஐந்தாண்டு நிறையுமுன், 1983 ஜூலைக் கலவரத்திலே, சிங்களப் படங்கள் பலவற்றை ஆக்கிய தமிழராகிய கே. குணரத்தினத்தின் ஹெந்தளை விஜயா நிலையம் தீக்கிரையாயிற்று. சிங்களப் படங்களை நெறிப்படுத்திவந்த கே. வெங்கட் என்னும் தமிழர் கொல்லப்பட்டார். தமிழர் கையும் சேர்ந்து கட்டிய கலை மனையிலேயே அத்தீ மூண்டது.

சிங்களத் திரையின் வரலாறு சிங்களவர்க்கு மட்டும் உரியதென நாமும், அதிலே தமிழர்க்குப் பங்கில்லையென அவர்களும் எண்ணுதல் வரலாற்றுக்கு ஒவ்வாது. நெளுக்குளத்திலிருந்து வவுனியா நகருக்குச் செல்லும் மாணவன் பேருந்திலும் சந்தையிலும் இரு மொழிகளையும் கேட்கின்றான். அவற்றுள் ஒன்று தனக்கு அயலானதென அவன் செவியை மூடிக்கொள்ள வேண்டுவதில்லை. பிறப்பால் வந்த மொழி தாய் தந்தது; பயிற்சியால் வந்த மொழி தான் தேடியது. தேடிய மொழியிலும் ஒருவர் பிறர் நெஞ்சிற் குடிபுகலாம் என்பதற்கு ருக்மணி தேவியின் வாழ்வு சான்றாகும்.