மீண்டெழுந்த தீவுக்கோட்டை

ஸ்காட்லாந்து நாட்டின் வடமேற்குக் கரையில் கடலும் மலையும் ஒன்றனுள் ஒன்று புகுந்து கிடக்கின்றன. மலைகளுக்கிடையே நெடுந்தொலைவு நுழைந்த கடல்நீர், நீண்ட கழிகளாகப் பரந்து நிற்கிறது. அத்தகைய கழிகள் மூன்று கூடும் இடத்தில் சிறு பாறைத் தீவு ஒன்று உண்டு. கி. பி. 617ஆம் ஆண்டிற் கொலையுண்ட டோனன் என்னும் கிறித்தவத் துறவியின் பெயரால் அஃது எய்லியன் டோனன் என வழங்குகிறது. 'டோனன் தீவு' என்பது அதன் பொருள்.

கழிகளின் வழியே வரும் கப்பல் எதுவாயினும் இத்தீவின் கண்ணுக்குத் தப்ப முடியாது. அக்காலத்தில் வடகடலிலிருந்து நார்வே நாட்டார் மரக்கலங்களில் வந்து இக்கரைகளைத் தாக்கி வந்தனர். எனவே பதின்மூன்றாம் நூற்றாண்டில், இரண்டாம் அலெக்சாந்தர் மன்னன் காலத்தையொட்டி, இங்கே கோட்டை எழுந்தது. பின்னர் அது மக்கென்சி குலத்தாரின் வலிமைக்கு நிலைக்களமாயிற்று.

ஸ்காட்லாந்தின் மலைநாட்டு மக்கள் அந்நாளிற் குலங்குலமாக வாழ்ந்தனர். குலத்தைக் குறிக்கும் 'கிளான்' என்னும் சொல்லுக்கு அவர்தம் பழைய மொழியிற் 'பிள்ளைகள்' என்பதே பொருள். ஒரே முன்னோன் வழிவந்தவராகத் தம்மைக் கருதிய அவர்கள், குலத்தலைவனைத் தந்தையெனப் போற்றி, அவன் அழைத்தபோது வாளேந்திச் சென்றனர். மக்கென்சி, மக்ரே முதலிய பெயர்களின் முன்னுள்ள 'மக்' என்பது மகனைக் குறிக்கும். நம் மொழிச் சொல்லோடு அதற்குள்ள ஒலியொப்புமை தற்செயலானதேயெனினும், நினைவிற் கொள்வதற்கு எளிதாயுள்ளது.

மக்ரே குலத்தார் எண்ணிக்கையிற் சிறியவர். மக்கென்சி குலத்தார்க்கு உற்ற துணைவர். 'மக்கென்சியின் இரும்புக் கவசம்' என்றே அவர்களைப் பிறர் அழைத்தனர். 1539ஆம் ஆண்டில் டொனால்டு கார்ம் என்னும் தலைவன் பல படகுகளில் வீரரை ஏற்றிக்கொண்டு கோட்டையைத் தாக்கினான். அப்பொழுது உள்ளே இருந்தவர் மிகச் சிலரே. அவர்களுள் டங்கன் மக்ரே என்னும் இளைஞன், தன்னிடம் எஞ்சியிருந்த கடைசி அம்பை எய்தான் என்பர். அது பகைவர் தலைவனின் காலிற் பாய்ந்து அவன் உயிரைக் குடித்தது. கோட்டைக்காவலர் என்னும் பொறுப்பை மக்ரே குலத்தார் பிற்காலத்தில் வழிவழியாக ஏற்றனர்.

அக்காவலும் ஒருநாள் முடிவுற்றது. 1688ஆம் ஆண்டில் அரியணை இழந்த இரண்டாம் ஜேம்ஸ் மன்னனின் மரபினரை மீண்டும் முடிசூட்ட விரும்பியோர் ஜாக்கபைட்டுகள் எனப்பட்டனர். மக்கென்சி குலத்தலைவரான சீபோர்த்துப் பிரபுவும் அவர்களுள் ஒருவர். 1719ஆம் ஆண்டில் ஸ்பெயின் நாட்டு அரசு அவர்களுக்கு உதவ முன்வந்தது. அது அனுப்பிய பெருங்கப்பற்படை புயலிற் சிதறியது. முந்நூறு வீரர் அளவினதாகிய சிறு படையொன்றே ஸ்காட்லாந்தை அடைந்தது. அவர்களுள் ஐம்பதின்மருக்குங் குறைவானோர், வெடிமருந்துக்குக் காவலாக இத்தீவுக்கோட்டையில் நிறுத்தப்பெற்றனர்.

அவ்வாண்டு மே மாதம் 10ஆம் நாள் ஆங்கில அரசின் போர்க்கப்பல்கள் மூன்று கழியினுள் நுழைந்தன. சமாதானக் கொடியுடன் சென்ற படகை நோக்கிக் கோட்டையினர் சுட்டனர். உடனே கப்பல்களின் பீரங்கிகள் முழங்கின. ஆயினும் சில இடங்களில் 14 அடி கனமுடைய அம்மதிலைப் பீரங்கிகளால் வீழ்த்த இயலவில்லை. மாலையில் மாலுமிகள் படகுகளில் இறங்கிக் கோட்டையைக் கைப்பற்றினர். உள்ளே 343 பீப்பாய் வெடிமருந்து இருந்தது. அதில் 27 பீப்பாய்களைச் சுவர்களின் அடியில் வைத்துக் கொளுத்தவே, பீரங்கிக்கு அசையாத மதில் தன்னகத்தே வைத்துக் காத்த மருந்தினாலேயே தகர்ந்தது. ஒரு திங்கள் கழித்து, அண்மையிலுள்ள கிளென்ஷீல் கணவாயில் ஜாக்கபைட்டுகள் தோற்றனர். ஸ்பானிய வீரர்கள் சரணடைந்தனர். அவர்கள் நின்று போரிட்ட மலைமுடி இன்றும் 'ஸ்பானியர் சிகரம்' எனவே வழங்குகிறது.

அதன்பின் ஏறத்தாழ இருநூறு ஆண்டுகள் அத்தீவில் இடிந்த சுவர்களே நின்றன. மலைநாட்டுக் குலங்களும் சிதறின. பலர் பிழைப்பைத் தேடிக் கனடா முதலிய தொலைநாடுகளுக்குக் கப்பலேறினர். கோட்டைக்காவலர் மரபு, காப்பதற்குக் கோட்டையில்லாத மரபாயிற்று.

1911ஆம் ஆண்டில் ஜான் மக்ரே-கில்ஸ்டிராப் என்னும் படைத்தலைவர் இத்தீவை விலைக்கு வாங்கினார். அவரும் மக்ரே குலத்தவரே. அவருக்குத் துணையாய் நின்று வேலைகளை நடத்தியவர் ஃபார்க்கர் மக்ரே என்பவர். கட்டட வல்லுநராக எடின்பரோ நகரத்து ஜார்ஜ் மக்கி வாட்சன் அமர்ந்தார். இடையில் முதல் உலகப்போர் மூண்டது. அப்போரில் உயிர்நீத்த மக்ரே குலத்தவர்க்குக் கோட்டையின் அருகே நினைவுச்சின்னம் ஒன்று எழுப்பப்பட்டது. கனடா நாட்டுக் கவிஞரும் மருத்துவருமான ஜான் மக்ரே போர்க்களத்தைப் பற்றிப் பாடிய பாட்டின் அடிகள் அதிற் பொறிக்கப்பட்டுள்ளன.

இடிபாடுகளை அகற்றி, பழைய அடித்தளத்தின்மேற் கல்லடுக்கி, கோபுரத்தை உயர்த்தும் பணி நீண்டு நடந்தது. பெருங்கூடத்தின் உத்தரங்களுக்கு வேண்டிய மரம் கனடாவிலிருந்து வந்தது. அது கடல்கடந்து சென்ற மக்ரே குலத்தார் அளித்த கொடை. இன்று கரையையும் தீவையும் இணைக்கும் கற்பாலமும் அக்காலத்தில் எழுந்ததே. 1932ஆம் ஆண்டு ஜூலைத் திங்களில், இருபது ஆண்டு உழைப்பின் பின்னர், வேலை நிறைவெய்தியது.

பழைய கோட்டை எவ்வாறிருந்தது என்பதை ஃபார்க்கர் மக்ரே கனவிற் கண்டார் என்றும், பின்னர் எடின்பரோவிற் கிடைத்த வரைபடம் அக்கனவை மெய்ப்பித்தது என்றும் ஒரு கதை வழங்குகிறது. கேட்பதற்கு இனிய கதைதான். ஆயினும் வரைபடம் கூறுவது வேறு. கோட்டை தகர்க்கப்படுவதற்கு ஐந்தாண்டு முன்னர், 1714ஆம் ஆண்டில், லூயி பெட்டிட் என்னும் படைப்பொறியாளர் அதனை நேரிற் கண்டு வரைந்திருந்தார். அவ்வரைபடம் வெளிப்பட்டபோது திருப்பணி முடியுந் தறுவாயில் இருந்தது. அதில் ஒரு கட்டடந்தவிர ஏனையவை கூரையின்றிச் சிதைந்து நிற்கின்றன. புதுக்கோட்டையின் தோற்றமும் அதனோடு பலவிடத்துப் பொருந்தவில்லை. ஆகவே இன்று காண்போர் பழமையெனக் கருதி வியக்கும் கோபுரமும் கூடமும் பெரும்பாலும் இருபதாம் நூற்றாண்டினரின் கைவேலையே. ஓர் இடிபாட்டை உள்ளவாறே விட்டுவைத்தல் நன்றா, அன்றி ஊகத்தாற் புதுக்குதல் நன்றா என்னும் வினாவில் அறிஞர்கள் இன்றும் ஒருமித்த கருத்தினரல்லர். மக்ரே குலத்தார்க்கோ அவ்வினா எழவேயில்லை. காவலர் என்னும் பெயர் அவர்களிடம் இருந்தது. கோட்டை மட்டுமே இல்லாதிருந்தது.

1955ஆம் ஆண்டு முதல் பொதுமக்கள் உள்ளே சென்று காண்கின்றனர். 1983ஆம் ஆண்டில் நிறுவப்பெற்ற அறக்கட்டளை ஒன்று கோட்டையைப் பேணி வருகிறது. ஆண்டுதோறும் வந்து குவியும் மக்கள் தரும் நுழைவுக் கட்டணம், உப்புக்காற்றும் ஓயாத மழையும் அரிக்கும் சுவர்களைச் செப்பனிடுவதற்குப் பயன்படுகிறது.