மூன்று தலைப்புகளில் ஒரு வாழ்க்கை

'கவலை இல்லாத மனிதன்', 'மாடி வீட்டு ஏழை', 'தட்டுங்கள் திறக்கப்படும்'. ஜே.பி.சந்திரபாபு காமெடியனாக மட்டும் இருக்க மாட்டேன் என்று கிளம்பிய மூன்று படங்களின் தலைப்புகள் இவை. வரிசையாகப் படித்தால் அவருடைய ஜாதகம் போலவே இருக்கிறது.

1927-ல் தூத்துக்குடியில் பிறந்தவர். அப்பா சுதந்திரப் போராட்டக்காரர். குடும்பம் சில காலம் கொழும்பில் இருந்தது. சென்னைக்கு வந்து 1947-ல் 'தன அமராவதி'யில் தலைகாட்டியும் வாய்ப்புகள் கூடிவரவில்லை. விரக்தியில் 1952-ல் ஜெமினி ஸ்டுடியோவில் உயிரை விடவே துணிந்தார். நல்லவேளை, காப்பாற்றிவிட்டார்கள். பிறகு அதே ஜெமினியின் 'மூன்று பிள்ளைகள்' படத்தில் நடித்தார்.

அப்புறம் ஏறுமுகம்தான். ரப்பர் போல வளையும் உடம்பு, மேல்நாட்டு பாணி நடனம், பாட்டுக்கு நடுவே யோட்லிங். 1958-ல் 'சபாஷ் மீனா'வில் இரட்டை வேடம். அதில் ஒன்று ரிக்‌ஷாக்காரர். ஏவி.எம்.மின் 'சகோதரி'யை எடுத்து முடித்த பிறகு, படத்தைத் தூக்கி நிறுத்த இவரது காமெடியை எடுத்துச் சேர்த்தார்கள்.

அடுத்தவர் படத்தைக் கரையேற்றியவருக்குச் சொந்தக் கப்பல்தான் ஓடவில்லை.

கண்ணதாசன் தயாரித்து 1960-ல் வந்த 'கவலை இல்லாத மனிதன்' படத்தில் இவர்தான் ஹீரோ. படம் தோற்றது, கவிஞருக்குக் கடன்தான் மிச்சம். அதற்குள் சந்திரபாபுவின் திருமண வாழ்க்கையும் தொடங்கிய வேகத்திலேயே முறிந்திருந்தது. எம்.ஜி.ஆரை வைத்து இவரே இயக்கத் தொடங்கிய 'மாடி வீட்டு ஏழை' பாதியில் நின்றுபோனது. கார் நேராக மாடிக்கே ஏறுகிற மாதிரி ஆசை ஆசையாகக் கட்டிய வீடும் கடனில் கைநழுவியது.

1966-ல் சாவித்திரியுடன் நடித்து, தானே இயக்கிய 'தட்டுங்கள் திறக்கப்படும்' படத்துக்கும் கதவு திறக்கவில்லை. குடி கூடியது, படங்கள் குறைந்தன. 1969-ல் எம்.ஜி.ஆரின் சொந்தப் படமான 'அடிமைப் பெண்'ணில் மறுபடி காமெடியனாகவே வந்து சிரிக்கவைத்தார்.

ஹீரோ, டைரக்டர், வீட்டுக்காரர், கணவர். இவர் விரும்பிய எந்த வேடத்துக்கும் ஊர் கைதட்டவில்லை. சிரிக்கவைப்பதை மட்டும் கேட்டு வாங்கிக்கொண்டே இருந்தது.

1974 மார்ச் 8-ல் சந்திரபாபு இறந்தபோது வயது 46. அவர் விருப்பப்படி உடல் நண்பர் எம்.எஸ்.விஸ்வநாதனின் வீட்டுக்குக் கொண்டுபோகப்பட்டது. இறுதி ஊர்வலம் அங்கிருந்துதான் புறப்பட்டது.