தகட்டில் பெய்யாத மழை

பீளமேட்டு வீட்டில் அட்டாலியை ஒதுக்கும்போது பழைய சிடி டப்பா ஒன்று கிடைத்தது. மேல் தகட்டில் மார்க்கர் எழுத்து: ‘ஓ.சி. 1, 2’. 2003இல் தொடங்கிய அமெரிக்கப் பள்ளிப் பருவத் தொடர். விடுதியில் கைமாறி வந்த, உரிமை பெறாத நகல். டிரைவில் போட்டேன். சுற்றியது, முனகியது, வெளியே துப்பிவிட்டது.

அந்த ‘1, 2’க்குள் ஒரு கணக்கு உண்டு. சிடியின் கொள்ளளவு 700 எம்.பி. அதனால் 42 நிமிட எபிசோடை 350 எம்.பி.யாகச் சுருக்குவது அன்றைய வழக்கம்; தகட்டுக்கு இரண்டு. 256 கே.பி.பி.எஸ். இணைப்பில் ஒன்று இறங்கவே மூன்று மணி நேரம். நடுவில் கரண்டு போகும். ஆனாலும் முதலிலிருந்து தொடங்க வேண்டியதில்லை. 2001இல் பிராம் கோஹன் உருவாக்கிய பிட்டோரண்ட், கோப்பைத் துண்டு துண்டாக்கி, ஒவ்வொன்றையும் சரிபார்த்து வாங்கும். கரண்டு வந்ததும் மீதியை மட்டும் கேட்கும். விஜய் டிவியில் 2006இல் வந்த ‘கனா காணும் காலங்கள்’ பார்க்க மணி தவறாமல் டிவி முன் உட்கார வேண்டும். இங்கே தொடர் நமக்காகக் காத்திருந்தது.

சரி, தகடு ஏன் செத்தது? வீட்டில் எழுதும் சிடியில் தகவலைத் தாங்குவது கரிமச் சாயப் படலம். லேசர் அதைச் சுட்டுப் புள்ளிகளை உண்டாக்கும். வெயில், வெக்கை, ஈரம் மூன்றும் சாயத்துக்கு ஆகாது. சித்திரை வெயிலில் அட்டாலி ஓர் அடுப்பு. இன்னொன்று: பளபளக்கும் அடிப்பக்கத்தில் கீறல் விழாமல் பொத்திப் பொத்தி வைத்தோம். அந்தப் பக்கம் 1.2 மில்லிமீட்டர் பிளாஸ்டிக் காவல் இருக்கிறது. நாம் பேனாவால் அழுத்தி எழுதிய மேல்பக்கத்தில் இருப்பதோ மெல்லிய அரக்குப் பூச்சு மட்டும். அங்கே ஒரு கீறல் விழுந்தால் தகவலே உரிந்துவிடும்.

ஆனால் சாகும்வரை சிடி பொய் சொல்லாது. எத்தனை முறை ஓட்டினாலும் அதே காட்சிதான். படிக்கும் லேசருக்கு எழுதும் வலு கிடையாது. மூளையில் அப்படியில்லை. கரீம் நாதர், கிளென் ஷேஃப், ஜோசஃப் லெடூ மூவரும் 2000இல் எலிகளிடம் இதைக் காட்டினார்கள். ஓர் ஒலிக்கு அஞ்சப் பழகிய எலிக்கு அதே ஒலியை மீண்டும் கேட்கவைத்து, உடனே மூளையின் அமிக்டலா பகுதியில் புரத உற்பத்தியைத் தடுத்தால், பழைய அச்சம் மங்கியது. ஒலியை நினைவூட்டாமல் அதே மருந்தைக் கொடுத்தபோது அச்சம் அப்படியே இருந்தது. நினைவை எடுக்கும்போது அது இளகுகிறது. திரும்ப உறையும்போது மாறவும் கூடும்.

என் நினைவும் அப்படித்தான். விடுதியில் நான் பார்த்த இன்னொரு தொடரின் கடைசிக் காட்சியில் நல்ல மழை என்று இருபது வருடம் சொல்லிக்கொண்டிருந்தேன். போன மாதம் ஓடிடியில் பார்த்தேன். சுள்ளென்று வெயில்.

விடுதி நண்பனிடம் கேட்டேன். “மழை நம்ம ரூம்லடா. ஆடிச் சாரல், சன்னல் கொக்கி போயிருந்துச்சு. மானிட்டர் மேல துண்டைப் போட்டுட்டுப் பார்த்தமே!”