வேலை போனபின் ஓடும் நாட்கள்

வேலையிழந்தோர் உதவித்தொகை என்றால் எவ்வளவு என்றுதான் முதலில் கேட்கிறோம். எப்போது கைக்கு வரும் என்பதில்தான் அந்தத் தொகையின் மதிப்பே இருக்கிறது. ஈ.எஸ்.ஐ. பிடித்தம் உள்ள தொழிலாளர்களுக்காக 2018 ஜூலையில் தொடங்கிய அடல் பீமித் வியக்தி கல்யாண் யோஜனா, சராசரி ஊதியத்தில் 25 சதவீதத்தை அதிகபட்சம் 90 நாட்களுக்குத் தந்தது. ஆனால் வேலை போய் 90 நாட்கள் கழிந்த பிறகுதான் அதைப் பெற முடிந்தது. விண்ணப்பமும் பழைய முதலாளி வழியாகத்தான் போகவேண்டியிருந்தது. ஈ.எஸ்.ஐ.யில் இருப்பவர்கள் பொதுவாக மாதம் 21,000 ரூபாய்க்குள் சம்பளம் வாங்குபவர்கள். மூன்று மாத வாடகையை அவர்கள் கடன் வாங்கித்தான் கட்டுவார்கள். பிறகு வரும் பணம் வட்டிக்கே சரியாகிவிடும்.

கொரோனா ஊரடங்கு இதை மாற்ற வைத்தது. 2020 ஆகஸ்டில் தொகை 50 சதவீதமானது, 90 நாள் காத்திருப்பு 30 ஆனது, ஈ.எஸ்.ஐ. கிளை அலுவலகத்தில் நேரடியாக விண்ணப்பிக்கலாம், பணம் வங்கிக் கணக்குக்கே வரும் என்றானது. பிரமாணப் பத்திரம் தொல்லையாக இருக்கிறது என்று தொழிலாளர்கள் சொன்னதால், நவம்பரில் அதுவும் போனது. ஆதார், வங்கி விவரங்களை இணையத்தில் ஏற்றினால் போதும் என்றானது. விட்டுவிட முடிந்த இந்த நடைமுறைகள் தகுதியைச் சோதிக்கவே இல்லை, நாட்களை மட்டுமே தின்றன என்பது என் முடிவு. இரண்டு ஆண்டு காப்பீட்டு வேலை, குறிப்பிட்ட அரையாண்டுகளில் 78 நாள் சந்தா ஆகியவைதான் அப்போது முக்கியத் தகுதிகளாக இருந்தன. மாதாமாதம் சந்தா வாங்கும் ஈ.எஸ்.ஐ. கழகத்திடமே அந்தக் கணக்கு இருக்கிறது.

அவசரப்பட்டால் ஏமாற்றுபவர்கள் புகுந்துவிடுவார்கள் என்பார்கள். அந்த அச்சம் பொய்யல்ல. அமெரிக்காவில் பெருந்தொற்றுக் கால வேலையிழந்தோர் உதவித்தொகைகளில் 10,000 கோடி முதல் 13,500 கோடி டாலர் வரை மோசடியில் போயிருக்கலாம் என்று அந்நாட்டு அரசுத் தணிக்கை அமைப்பு 2023இல் மதிப்பிட்டது. ஆனால் அங்கே சுயதொழில் செய்வோருக்கான புதிய திட்டத்தில், தொடக்கத்தில் வருமானச் சான்றுகூடக் கேட்காமல் அவர்கள் சொன்னதை நம்பியே பணம் கொடுத்தார்கள். பதிவேடு கையில் இருக்கும் ஈ.எஸ்.ஐ.க்கு அந்த நிலை இல்லை.

இதைவிடக் கனமான கேள்வி ஒன்று உண்டு: ஒழுங்கு நடவடிக்கையால் வெளியேற்றப்பட்டவருக்கு இந்த உதவி கிடையாதே, முதலாளியைக் கேட்காமல் எப்படி முடிவு செய்வது? கேட்கத்தான் வேண்டும். ஆனால் அவர் பதில் வரும்வரை பணத்தை நிறுத்தவேண்டியதில்லை. கலிபோர்னியாவில் தகுதி உண்டு என்று முடிவானவருக்கும், முதலாளி மேல்முறையீடு செய்தால் பணத்தை நிறுத்திவைத்தார்கள். உரிய காலத்தில் தரவேண்டும் என்ற மத்தியச் சட்டத்துக்கு அது முரண் என்று 1971இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. இங்கேயும் பதிவேட்டைப் பார்த்து உடனே கொடுக்கலாம். முதலாளி தன் ஆட்சேபத்தை நிரூபித்தால், பிறகு திரும்பப் பெறலாம்.