விடுதலைப் போரில் அடிமைகளின் படை

விடுதலை என்னும் சொல் நாட்டிற்கும் வழங்கும். தனி மனிதனுக்கும் வழங்கும். இவ்விரண்டும் எப்போதும் ஒருங்கே வருவன அல்ல. 1775 முதல் 1783 வரை நடந்த அமெரிக்க விடுதலைப் போரில் பங்குகொண்ட முதலாம் ரோட் ஐலண்டுக் காலாட்படையின் வரலாறு இதனைத் தெளிவாக்கும்.

மனிதர் யாவரும் சமம் என்று 1776இல் அமெரிக்கர் பறைசாற்றினர். ஆயினும் அடிமை முறை நீங்கவில்லை. 1777-78 குளிர்காலத்தில் வேலி ஃபோர்ஜ் பாசறையில் ஜார்ஜ் வாஷிங்டனின் சேனை நோயாலும் உணவுக் குறைவாலும் மெலிந்தது. ரோட் ஐலண்டு மாநிலத்தின் இரு படைகளிலும் ஆள் குறைந்தது. அம்மாநிலத்தின் நியூபோர்ட் நகரமோ பிரிட்டிஷார் கையில் இருந்தது. இந்நெருக்கடியில், கறுப்பினத்தவரைச் சேர்த்துப் படையை நிரப்பலாம் எனத் தளபதி வார்னம் வாஷிங்டனுக்கு எழுதினார்.

1778 பிப்ரவரியில் மாநிலச் சட்டமன்றம் அதற்கு இசைந்தது. உடல் வலிவுள்ள அடிமை எவனும் படையில் சேரலாம். ஏற்றுக்கொள்ளப்பட்டவுடன் அவன் அடிமை அல்லன். அவனை உடையவருக்கு 120 பவுன் வரை ஈடு வழங்கப்படும் என்பதே சட்டம். அடிமைகளை உடையோர் எதிர்த்தனர். நான்கே திங்களில், ஜூன் மாதத்தில், வாயில் அடைபட்டது. அதற்குள் சேர்ந்தோர் ஏறத்தாழ நூற்றுவர்.

1778 ஆகஸ்டு 29ஆம் நாள் ரோட் ஐலண்டுப் போரில் ஹெசியர் எனப்பட்ட ஜெர்மானியக் கூலிப்படையினர் இவர்கள்மீது மீண்டும் மீண்டும் பாய்ந்தனர். சில திங்களே பயிற்சி பெற்ற இவ்வீரர்கள் நிலைகுலையாது நின்றனர். அமெரிக்கச் சேனை பாதுகாப்பாகப் பின்வாங்க அது துணைசெய்தது. 1781 மே 14இல் நியூயார்க் மாநிலத்துக் குரோட்டன் ஆற்றருகே பகைவர் திடீரெனத் தாக்கியபோது, படைத்தலைவர் கிறிஸ்டபர் கிரீனும் வீரர் பலரும் மாண்டனர். எஞ்சியோர் அவ்வாண்டு அக்டோபரில் யார்க்டவுன் வெற்றியிலும் பங்குபெற்றனர். 1783இல் படை கலைக்கப்பட்டது.

வீரன் விடுதலை பெற்றான். அவன் மனைவி மக்களை அச்சட்டம் விடுவிக்கவில்லை. 1784இல் வந்த சட்டமும் அதன்பின் பிறக்கும் குழந்தைகளுக்கே விடுதலை தந்தது. 1843இல் நடைமுறைக்கு வந்த அரசியலமைப்பே ரோட் ஐலண்டில் அடிமை முறையை அறவே விலக்கியது.

இதனை மாணவர்க்குக் கற்பிக்கும் ஆசிரியர் இரண்டைப் பிரித்துக் காட்டுதல் நலம். சட்டம் பிறந்தது அருளால் அன்று, ஆள் பற்றாக்குறையால். ஆனால் களத்தில் நின்ற உறுதி அவ்வீரர்களுக்கே உரியது. கொடுத்தவரின் நோக்கம் சிறிது என்பதால், பெற்றவரின் வீரம் சிறிதாகிவிடாது.