விவாகரத்து வழக்கு வேறு ஊரிலா? உங்கள் ஊர் நீதிமன்றத்துக்கு மாற்றக் கேட்கலாம்!

காலை 10.30 மணிக்குக் கோர்ட்டில் பெயரைக் கூப்பிடுவார்கள். அதற்கு முதல் நாள் சாயங்காலமே நாகர்கோவிலில் பஸ் ஏற வேண்டும். மடியில் ஒன்றரை வயதுக் குழந்தை. துணைக்கு வரும் அப்பாவுக்கு இரண்டு நாள் கூலி போச்சு. விடியற்காலையில் கிளாம்பாக்கத்தில் இறங்கி, குளித்து, சாப்பிட்டு, உயர் நீதிமன்ற வளாகத்தில் இருக்கும் குடும்பநல நீதிமன்றத்துக்கு ஓடினால், ஐந்தே நிமிடத்தில் வாய்தா. அடுத்த மாதம் மறுபடியும் இதே பயணம்.

கல்யாணம் முறிந்து தாய் வீட்டுக்குத் திரும்பிய பல பெண்களின் நிலைமை இப்படித்தான் இருக்கிறது. 'போக முடியலைன்னா என்ன, விட்டுடலாம்' என்று இருந்துவிடவும் முடியாது. நோட்டீஸ் வந்தும் ஆஜராகாவிட்டால், எதிர்த்தரப்பு சொல்வதை மட்டும் கேட்டு 'எக்ஸ்பார்ட்டி' தீர்ப்பு வந்துவிடும். சட்டம் இதற்கு ஒரு வழி வைத்திருக்கிறது. அதுதான் வழக்கை மாற்றக் கேட்கும் 'டிரான்ஸ்ஃபர் பெட்டிஷன்'.

கணவர் எந்த ஊரில் வழக்கு போடலாம்?

இந்து திருமணச் சட்டத்தின் 19-வது பிரிவுப்படி திருமணம் நடந்த ஊர், தம்பதி கடைசியாகச் சேர்ந்து வாழ்ந்த ஊர், எதிர்த்தரப்பு வசிக்கும் ஊர் ஆகிய இடங்களில் வழக்கு தொடரலாம். 2003-ல் வந்த திருத்தம், மனைவிக்கு மட்டும் கூடுதலாக ஓர் உரிமை தந்தது. வழக்கு போடுவது அவர் என்றால், தான் இப்போது வசிக்கும் ஊரிலேயே போடலாம்.

சென்னையில் சேர்ந்து வாழ்ந்தவர்கள் என்றால், கணவர் சென்னையில் வழக்கு போடுவது சட்டப்படி சரிதான். அதைத் தன் ஊருக்குக் கொண்டுவர மனைவி தனியாக மனு போட வேண்டும்.

யாரிடம் கேட்பது?

தமிழ்நாட்டுக்குள் ஒரு மாவட்டத்திலிருந்து இன்னொரு மாவட்டத்துக்கு என்றால், உரிமையியல் நடைமுறைச் சட்டம் 24-வது பிரிவின் கீழ் உயர் நீதிமன்றம். பெங்களூரிலிருந்து சேலத்துக்கு என்பதுபோல மாநிலம் தாண்டினால், 25-வது பிரிவின் கீழ் உச்ச நீதிமன்றம்.

நீதிபதி எதைப் பார்ப்பார்?

வேலூரில் நடந்த வழக்கைச் சென்னைக்கு மாற்றக் கேட்டார் ஓர் இளம்பெண். உயர் நீதிமன்றம் மறுத்துவிட்டது. விடாமல் அவர் மேல்முறையீடு செய்ய, 2022 ஜூலையில் உச்ச நீதிமன்றம் வழக்கை மாற்றிக் கொடுத்தது. இரு தரப்பின் பொருளாதார நிலை, சமூகச் சூழல், பிழைப்புக்கு யாரை நம்பி இருக்கிறார்கள் என்பதையெல்லாம் பார்க்க வேண்டும். நம் சமூகம் இருக்கும் நிலையில் பொதுவாக மனைவியின் வசதிக்கே முன்னுரிமை என்றது அந்தத் தீர்ப்பு.

அதற்காக, கேட்டவுடன் கிடைத்துவிடும் என்று நினைக்க வேண்டாம். இந்தச் சலுகை தவறாகப் பயன்படுத்தப்படுகிறது என்று 2006-லேயே உச்ச நீதிமன்றம் ஒரு வழக்கில் சொல்லியிருக்கிறது. அந்த மனுவைத் தள்ளுபடி செய்த நீதிபதிகள், மனைவிக்கும் துணைக்கு வருபவருக்கும் ஒவ்வொரு முறையும் பயண, தங்கும் செலவைக் கணவரே தர வேண்டும் என்றும் உத்தரவிட்டார்கள். கணவருக்கும் மாற்றக் கேட்கும் உரிமை உண்டு. நடமாட முடியாத உடல்நிலை, ஊர் மாறிப்போனால் உயிருக்கு ஆபத்து போன்ற காரணங்களை அவரும் சொல்லலாம்.

வீடியோ காலில் ஆஜராகலாமே?

இந்தக் கேள்வியும் உச்ச நீதிமன்றம் வரை போனது. வழக்கை மாற்றுவதற்குப் பதில் வீடியோ கான்ஃபரன்ஸ் வைக்கலாம் என்று 2017 மார்ச்சில் இரு நீதிபதிகள் சொன்னார்கள். அதே ஆண்டு அக்டோபரில் மூன்று நீதிபதிகள் அமர்வு, 2:1 என்ற கணக்கில் அதை மாற்றியது. குடும்பநல நீதிமன்றத்தின் முதல் வேலை சமரசம். அதற்கு இருவரும் நேரில் உட்கார்ந்து பேச வேண்டும் என்பது பெரும்பான்மைத் தீர்ப்பின் வாதம். சமரசம் தோற்ற பிறகு, இருவரும் சம்மதித்தால் வீடியோ மூலம் விசாரணை நடத்தக் குடும்பநல நீதிமன்றம் அனுமதிக்கலாம்.

மனு போடும் முன் கவனிக்க...

* டிரான்ஸ்ஃபர் மனு போட்டாலே அசல் வழக்கு நின்றுவிடாது. இடைக்காலத் தடை கிடைக்கும்வரை, வக்கீல் மூலமாவது வாய்தாவுக்குப் பதில் சொல்லியாக வேண்டும்.

* 'தூரமாக இருக்கிறது' என்று மட்டும் எழுதினால் போதாது. குழந்தையின் வயது, பள்ளி, மருத்துவச் சீட்டு, வருமானம், துணைக்கு ஆள் இல்லாத நிலை, மிரட்டல் இருந்தால் போலீஸ் புகார் நகல் என ஆதாரத்தோடு சொல்லுங்கள்.

* ஜீவனாம்ச வழக்கு, குடும்ப வன்முறைப் புகார் போன்றவை உங்கள் ஊரில் ஏற்கெனவே நடந்தால் அதையும் குறிப்பிடுங்கள். கணவர் எப்படியும் அந்த ஊருக்கு வந்தாக வேண்டும் என்பது வலுவான காரணம்.

* வழக்கு மாறினால், பெரும்பாலும் விட்ட இடத்திலிருந்தே விசாரணை தொடரும்.

* வக்கீல் வைக்க வசதி இல்லையா? வருமானம் எவ்வளவாக இருந்தாலும் பெண்களுக்கு இலவச சட்ட உதவி உண்டு. மாவட்ட நீதிமன்ற வளாகத்திலிருக்கும் சட்டப்பணிகள் ஆணைக்குழுவை அணுகலாம். 15100 என்ற எண்ணிலும் அழைக்கலாம்.

ஊர் மாறியதால் வழக்கு ஜெயித்துவிடப் போவதில்லை. ஆனால், பஸ் காசு இல்லாததால் ஒருவர் தோற்றுப்போவதையாவது அது தடுக்கும். சம்மன் கையில் கிடைத்தால் பீரோவுக்குள் வைத்துப் பூட்டாமல், அன்றைக்கே ஒரு வக்கீலிடம் காட்டுங்கள்.