பெயரில்லாத மெட்டு

நடனக் கூடம் ஒன்றில் ஒருவன் தன் காதலியுடன் ஆடிக்கொண்டிருக்கிறான். பழைய நண்பன் ஒருவன் எதிர்ப்படுகிறான். மரியாதை கருதித் தன் காதலியை அவனுக்கு அறிமுகம் செய்து வைக்கிறான். அவ்விருவரும் சேர்ந்து ஆடுகின்றனர். அந்த ஓர் ஆட்டத்திற்குள்ளேயே அவள் உள்ளம் நண்பன்பால் சென்றுவிடுகிறது. 'டென்னஸி வால்ட்ஸ்' என்னும் அமெரிக்கப் பாட்டின் கதை இவ்வளவுதான். மூன்று நிமிடத்திற்குள் பாடி முடித்துவிடலாம். இருந்தும், ஓரிரவில் நேர்ந்த இந்தச் சிறு இழப்பைப் பல நாட்டு மக்கள் பல்லாண்டுகளாகக் கேட்டு உருகி வந்திருக்கிறார்கள். அதன் காரணம் யாது என்று இன்று சிறிது ஆராய்வோம்.

முதலில் வால்ட்ஸ் என்பதை விளக்கிவிடுகிறேன். அது ஆணும் பெண்ணும் இணைந்து சுழன்றாடும் நடனம். மும்மூன்றாகத் தாளம் எண்ணப்படும்; முதல் தட்டில் அழுத்தம், அடுத்த இரண்டும் மெல்லென விழும். நமது திஸ்ர நடையை நினைத்துக்கொண்டால் அதன் போக்கு ஒருவாறு விளங்கும். தன்னுடன் ஆடுபவரை மற்றொருவருடன் ஆட விடுவது அத்தகைய நடனக் கூடங்களில் குற்றமன்று, நாகரிகம். ஆகவே இப்பாட்டில் வரும் இழப்பு, பாடுபவன் தானே காட்டிய நாகரிகத்தின் வழியாகவே அவனுக்கு வந்து சேர்கிறது. நண்பன் திருடிவிட்டான் என்று ஒரு சொல் விழுகிறதே தவிர, அதற்கு மேல் வசை இல்லை, சாபம் இல்லை.

இப்பாட்டு 'கன்ட்ரி' இசை என்னும் வகையைச் சேர்ந்தது. அமெரிக்காவின் தென்பகுதிக் குடியானவர்களிடையே பிடில், கிதார், பாஞ்சோ முதலிய கருவிகளோடு வளர்ந்த இசை அது. அதை நாடெங்கும் கொண்டு சென்றதில் வானொலிக்குப் பெரும்பங்கு உண்டு. டென்னஸி மாநிலத்து நாஷ்வில் நகரில் 1925-இல் தொடங்கிய 'கிராண்ட் ஓல் ஆப்ரி' நிகழ்ச்சி அவ்வகையில் புகழ்பெற்றது. நம் பாட்டை ஆக்கியவர்களுள் ஒருவரான பீ வீ கிங் அந்நிகழ்ச்சியில் தம் குழுவுடன் பங்கு கொண்டவர். அவர் அக்கார்டியன் வாசிப்பவர். வடக்கே விஸ்கான்சின் மாநிலத்தில் போலந்து மரபுக் குடும்பத்தில் பிறந்தவர். மற்றொருவர் ரெட் ஸ்டூவர்ட். கிங்கின் குழுவில் பாடகர், பிடில் வாசிப்பவர், டென்னஸியில் பிறந்தவர்.

கிங்கின் குழுவில் ஒரு வால்ட்ஸ் மெட்டு இருந்தது. அதற்குச் சொற்கள் இல்லை. 'பெயரில்லா வால்ட்ஸ்' என்பதே அதன் பெயர்! 1946-இல் ஒருநாள் இவ்விருவரும் வண்டியில் பயணம் செய்கையில், பில் மன்ரோ பாடிய 'கென்டக்கி வால்ட்ஸ்' வானொலியில் ஒலித்தது. கென்டக்கிக்கு ஒரு வால்ட்ஸ் இருக்கும்போது டென்னஸிக்கு ஏன் இருக்கக் கூடாது என்று ஸ்டூவர்ட் கேட்டார். கைக்குக் கிடைத்த தீப்பெட்டி அட்டையைப் பிரித்து, அதன்மேலேயே எழுதத் தொடங்கினார். கிங்கின் குழு பாடிய இசைத்தட்டு 1948-இல் வெளியாயிற்று.

இந்த வரலாற்றில் நான் பெரிதாக மதிப்பது அந்தத் தீப்பெட்டியை அன்று. துயரம் பிறப்பதற்கு முன்பே மெட்டு இருந்தது என்பதையே. பாட்டினுள்ளும் அப்படித்தான். அவர்கள் ஆடியது 'டென்னஸி வால்ட்ஸ்' இசைக்கு. இழந்ததும் அந்த இசை ஒலிக்கையில். இப்போது அவன் நினைந்து ஏங்குவதும் அதே இசையை. கூர்மையான மாணவர் ஒருவர் இங்கே ஒரு வினா எழுப்பலாம்: "நாம் கேட்பது இழந்த பிறகு பாடும் பாட்டு அல்லவா? அவர்கள் ஆடிய அந்த இன்பப் பாட்டு எங்கே?" அது நமக்குக் கேட்பதே இல்லை. ஆனால் இரண்டுக்கும் பெயர் ஒன்று. ஆகவே ஒவ்வொரு முறை இதைக் கேட்கும்போதும், கேளாத வேறொரு பாட்டு இதன் பின்னால் ஒலிப்பதாக உள்ளம் எண்ணிக்கொள்கிறது. பழைய நினைவின் இயல்பும் இதுதானே!

காதலிக்கோ நண்பனுக்கோ பாட்டில் பெயரில்லை. நம் அகப்பாடல்களில் தலைவன் தலைவியர் பெயர் சுட்டப்பெறாத மரபு தமிழ் மாணவர்க்குத் தெரிந்ததே. ஊரின் பெயர் மட்டும் இங்கே நிற்கிறது. இதனால் ஒரு வசதியும் உண்டு: பாடுபவர் ஆணாயினும் பெண்ணாயினும் ஓரிரு சொற்களை மாற்றினாற் போதும்.

அப்படி மாற்றிப் பாடிப் பெரும்புகழ் பெற்றவர் பேட்டி பேஜ் என்னும் அம்மையார். ஓக்லஹோமாவில் 1927-இல் பிறந்தவர். இயற்பெயர் கிளாரா ஆன் ஃபௌலர். பால் நிறுவனம் ஒன்றின் ஆதரவில் நடந்த வானொலி நிகழ்ச்சியில் பாடியதால் அந்நிறுவனத்தின் 'பேஜ்' என்ற பெயரே இவருக்கும் ஒட்டிக்கொண்டது. எர்ஸ்கின் ஹாக்கின்ஸ் என்னும் கறுப்பினக் கலைஞரின் வாத்தியக்குழு வெளியிட்ட தட்டின் வழியாகப் பாட்டு இவர் பக்கத்தாரை எட்டியது. 1950 நவம்பரில் பாடிப் பதிவு செய்தார். விற்பனையாளர் நம்பியிருந்தது தட்டின் முதற்பக்கத்துக் கிறிஸ்துமஸ் பாட்டை. இதுவோ மறுபக்கத்தை நிரப்பச் சேர்த்தது. மக்கள் தட்டைத் திருப்பிப் போட்டுக் கேட்டார்கள். பல வாரங்கள் விற்பனையில் இதுவே முதலிடம் பெற்றது.

அத்தட்டில் இரு பெண்குரல்கள் இணைந்து ஒலிக்கும். இரண்டும் அவருடையவையே. முதலில் ஒருமுறை பாடிப் பதிவு செய்துவிடுவார்கள். பின்னர் அதை ஒலிக்கவிட்டு, அதற்கு இசைவான வேறு சுரங்களில் அவரே உடன்பாட, இரண்டையும் சேர்த்துப் புதிதாகப் பதிவு செய்வார்கள். துணைப்பாடகர்க்குக் கொடுக்கப் பணமின்றி முன்பு வேறொரு பாட்டில் கையாண்ட உத்தி அது. இப்பாட்டிலோ அது வெறும் சிக்கனமாக நிற்கவில்லை. சற்றுமுன் பாடிய தன் குரலைக் கேட்டு அதற்குத் துணையாகப் பாடுகிறாள் ஒருத்தி. பாடும் பொருளோ கடந்துபோன ஓரிரவு. திட்டமிட்டுச் செய்திருந்தாலும் இவ்வளவு பொருத்தமாக அமைந்திருக்குமா என்பது ஐயமே.

1952-இல் ஜப்பானில் எரி சியெமி என்னும் சிறுமி இதைப் பாடிப் பெயர் பெற்றாள். 1965-இல் டென்னஸி அரசு இதைத் தன் மாநிலப் பாட்டுகளுள் ஒன்றாக ஏற்றுக்கொண்டது. அம்மாநிலத்தின் மலையோ ஆறோ வீரரோ எவரும் இதில் புகழப்படவில்லை. காதலியைப் பறிகொடுத்த ஒருவனின் நினைவு மட்டுமே இருக்கிறது. சட்டமன்றத்தார் அதைக் குறையாகக் கருதவில்லை. ஸ்டூவர்ட்டும் தீப்பெட்டி அட்டையைப் பிரித்தபோது தம் மாநிலத்திற்கு வேண்டியதென்று எண்ணியது ஒரு வால்ட்ஸை மட்டுந்தான்.